பழைய ஹேண்ட்ஹெல்டை அடிமாட்டு விலைக்குத் தள்ளிவிடாதீங்க!

(எபிசோடின் எழுத்து வடிவம். பேச்சு நடையை முடிந்தவரை அப்படியே விட்டு, படிக்க வசதியாகச் சுருக்கியிருக்கிறேன்.)

உங்க வீட்டு அலமாரியில, பழைய சார்ஜர் வயரெல்லாம் சுருட்டிப் போட்டிருக்கிற டப்பாவுக்குள்ள, ஒரு பிஎஸ்பியோ நிண்டெண்டோ ஸ்விட்சோ தூங்கிட்டு இருக்கா? இந்த எபிசோட் உங்களுக்குத்தான்.

2025 ஜூன் 5-ஆம் தேதி ஸ்விட்ச் 2 வெளியானதுக்கு அப்புறம், "ப்ரோ, பழைய ஸ்விட்ச்சை எவ்வளவுக்கு விக்கலாம்?"னு கேட்டு வர்ற மெசேஜ் அதிகமாயிடுச்சு. அதுல ஒண்ணு என்னை யோசிக்க வெச்சது. சென்னையில ஃபைனல் இயர் படிக்கிற ஒரு தம்பி எழுதியிருந்தார். செமஸ்டர் ஃபீஸ்ல பாக்கி இருக்கு, பதினஞ்சு நாள்ல கட்டலேன்னா ஹால் டிக்கெட் வராது. கையில இருக்கிறது ஒரு ஸ்விட்ச் ஓலெட், மூணு கேம். ஒரு கடையில காட்டியிருக்கார். எல்லாம் சேர்த்து 12,000 ரூபாய்னு சொல்லியிருக்காங்க. "வந்ததுக்குக் கொடுத்துடலாமா அண்ணா?"

அவருக்கு நான் போன்ல சொன்னதைத்தான் இங்க விரிவா சொல்லப்போறேன்.

நல்ல பொருளுக்கும் ஏன் குறைச்சுக் கேக்குறாங்க?

1970-ல ஜார்ஜ் அகெர்லாஃப்னு ஒரு அமெரிக்கப் பொருளாதார அறிஞர் பழைய கார் சந்தையைப் பத்தி ஒரு கட்டுரை எழுதினார். பின்னாடி 2001-ல அவருக்கு நோபல் பரிசு கிடைச்சதுக்கு அந்தக் கட்டுரை ஒரு முக்கியக் காரணம். ஓட்டைக் காருக்கு அமெரிக்காவுல 'எலுமிச்சம்பழம்'னு பட்டப்பேரு. நம்ம ஊர்ல சொத்தைக் கத்திரிக்காய்னு வெச்சுக்கலாம்.

அவர் சொன்னதை நம்ம ஸ்விட்சுக்குப் பொருத்திப் பார்ப்போம். சந்தையில பத்து பழைய ஸ்விட்ச் இருக்கு. அஞ்சு நல்லது, ஒவ்வொண்ணும் 18,000 பெறும். அஞ்சு சொத்தை, ஒவ்வொண்ணும் 8,000 பெறும். எது நல்லது, எது சொத்தைன்னு விக்கிறவனுக்குத் தெரியும், வாங்குறவனுக்குத் தெரியாது. அதனால வாங்குறவன் சராசரி போட்டு 13,000-க்குக் கேக்குறான். நல்ல பொருள் வெச்சிருக்கிறவன், "இந்த விலைக்கு நான் ஏன் தரணும்?"னு ஒதுங்கிடுறான். சந்தையில சொத்தை மட்டும் மிஞ்சுது. அதைப் பார்த்து விலை இன்னும் இறங்குது.

இந்தக் கணக்குல நல்ல பொருள் வெச்சிருக்கிறவன் இழக்கிறது 5,000 ரூபாய். அவன் பொருள்ல எந்தக் குறையும் இல்ல. வாங்குறவன் மனசுல இருக்கிற சந்தேகத்துக்காகத்தான் அந்த 5,000 போகுது. ஆக, நல்ல விலை வேணும்னா அந்தச் சந்தேகத்தை ஒவ்வொண்ணா எடுத்துப் போடணும். சாப்ட்வேர்ல இருக்கிறவங்களுக்குச் சட்டுனு புரியும்: "என் மெஷின்ல ஓடுது"ன்னு சொன்னா யாரும் நம்ப மாட்டாங்க, டெஸ்ட் ரிப்போர்ட் காட்டினா நம்புவாங்க.

முதல்ல விலையைக் கண்டுபிடிங்க

பலர் ஆன்லைன் விளம்பரங்களைப் பார்த்து விலை வைக்கிறாங்க. அங்க நமக்குத் தெரியிறது விக்கிறவர் ஆசைப்படுற விலைதான். மூணு மாசமா போகாம கிடக்கிற விளம்பரத்துலயும் ஒரு விலை போட்டிருக்கும், அதை நம்பக் கூடாது. ஈபேயில 'விற்கப்பட்டவை'ன்னு ஒரு ஃபில்டர் இருக்கு. அதுல காட்டுறது உண்மையிலேயே கைமாறின விலை. ஆனா டாலர்ல, வேற நாட்டுச் சந்தையில கிடைச்ச விலை. பழைய கேம்பாய், டிஎஸ் மாதிரி சேகரிப்பாளர்கள் தேடுற பொருளுக்கு எந்த கேம் எதைவிட அரிதுன்னு தெரிஞ்சுக்க உதவும். ரூபாய் கணக்குக்கு நம்ம ஊர் சந்தையைத்தான் பார்க்கணும்.

அதுக்கு ஒரு சுலப வழி சொல்றேன். சென்னைன்னா ரிச்சி ஸ்ட்ரீட், பர்மா பஜார். பெங்களூருன்னா எஸ்பி ரோடு. மும்பைன்னா லேமிங்டன் ரோடு. பழைய கேம் கன்சோல் வாங்கி விக்கிற ரெண்டு மூணு கடைக்குப் போன் போடுங்க. ஒரு போன்ல, "என்கிட்ட இந்த மாடல் இருக்கு, எவ்வளவுக்கு எடுப்பீங்க?"னு கேளுங்க. இன்னொரு போன்ல, "இதே மாடல் செகண்ட் ஹேண்ட்ல வேணும், எவ்வளவு?"னு கேளுங்க.

பங்குச் சந்தை பழக்கம் இருக்கிறவங்களுக்கு இது தெரியும். முதல் விலை 'பிட்', ரெண்டாவது 'ஆஸ்க்'. நம்ம தம்பி விசாரிச்சப்போ ஓலெட் கன்சோலுக்கு மட்டும் கடைக்காரங்க கொடுக்கத் தயாரா இருந்தது 10,500 வாக்குல. அதே மாடலை அவங்க வித்தது 17,000 வாக்குல. நடுவுல 6,500 ரூபாய் இடைவெளி.

இதுக்காகக் கடைக்காரரைத் திட்ட வேண்டாம். அவர் வாடகை கட்டுறார், பொருளைத் திறந்து பார்த்துச் சரி பண்றார், ஒரு வாரமோ பத்து நாளோ வாரண்டி கொடுக்கிறார், சொத்தை மாட்டினா நஷ்டத்தைத் தாங்குறார். அதுக்கான கூலி அந்த இடைவெளிக்குள்ள இருக்கு. அவர் செய்ற வேலையில ஒரு பகுதியை நீங்களே செஞ்சா, அந்தக் கூலியில ஒரு பகுதி உங்களுக்கு வரும். ஆனா கடை வாரண்டியை உங்களால கொடுக்க முடியாது. அதனால 17,000-த்தையே கேட்டா யாரும் வர மாட்டாங்க. உங்க விலை நடுவுல எங்கேயோ இருக்கணும், எவ்வளவு ஆதாரம் காட்டுறீங்களோ அவ்வளவு மேல போகலாம்.

ஸ்விட்ச் விஷயத்துல இன்னொரு காரணமும் இருக்கு. நிண்டெண்டோவுக்கு இந்தியாவுல அதிகாரபூர்வ விற்பனை கிடையாது, கடைகள் இறக்குமதி பண்ணித்தான் விக்கிறாங்க. அதனால புதுசோட விலையே கடைக்குக் கடை மாறும். ஒரே கடையில கேட்டு முடிவு பண்ணாதீங்க.

உங்க கையில இருக்கிறது எந்த மாடல்?

"நிண்டெண்டோ விற்பனைக்கு"ன்னு மட்டும் போட்டா பாதி விலை போச்சு. வெளியில ஒரே மாதிரி தெரிஞ்சாலும் உள்ள வித்தியாசம் உண்டு. பின்பக்க ஸ்டிக்கரைப் படிங்க.

ஸ்விட்ச்: 2017-ல வந்த முதல் மாடலுக்கு பேட்டரி இரண்டரை மணி நேரத்துல இருந்து ஆறரை மணி நேரம் வரைன்னு நிண்டெண்டோ சொன்னது. 2019-ல வந்த எச்ஏசி-001(-01) மாடலுக்கு நாலரையில இருந்து ஒன்பது மணி நேரம். பார்க்க ரெண்டும் ஒண்ணுதான், ஸ்டிக்கர்ல இருக்கிற அந்த '-01'தான் அடையாளம். உங்களுது ரெண்டாவதுன்னா விளம்பரத்துல முதல் வரியிலேயே போடுங்க.

கேம்பாய் அட்வான்ஸ் எஸ்பி: ஏஜிஎஸ்-001-ல திரைக்கு முன்பக்கத்துல இருந்து வெளிச்சம் விழும், படம் கொஞ்சம் வெளிறித் தெரியும். ஏஜிஎஸ்-101-ல வெளிச்சம் பின்னாடி இருந்து வரும், பளிச்சுனு இருக்கும். சேகரிக்கிறவங்க ரெண்டாவதுக்குக் கூட்டிக் கொடுப்பாங்க.

3டிஎஸ்: இது ரீஜன் லாக் உள்ள மெஷின். அமெரிக்க மாடல்ல ஜப்பான் கேம் ஓடாது. சித்தப்பா எந்த நாட்டுல இருந்து வாங்கிட்டு வந்தார்னு கேட்டு எழுதுங்க. இதோட ஆன்லைன் கடையில புதுசா வாங்குறதை நிண்டெண்டோ 2023 மார்ச் 27-ஓட நிறுத்திடுச்சு. டிஜிட்டலா வாங்க வழியில்லாததால கேசட்டா இருக்கிற நல்ல கேம்களுக்குத் தேவை கூடியிருக்கு. தூக்கிப் போட்டுடாதீங்க.

பிஎஸ்பி: 1000-ஆம் மாடலோட பேட்டரி தடிமன், 2000, 3000 மாடல்களோட பேட்டரி மெலிசு. பழைய பிஎஸ்பி பேட்டரி உப்புறது சகஜம். மூடி சரியா மூடலேன்னா பேட்டரியைக் கழட்டிப் பாருங்க. உப்பியிருந்தா அதை அழுத்தாதீங்க, குத்தாதீங்க, சார்ஜ் போடாதீங்க. மின்கழிவு வாங்குற இடத்துல கொடுத்துட்டு, பேட்டரி இல்லாமலே வித்துடுங்க. சார்ஜர் செருகினா பேட்டரி இல்லாமலும் பிஎஸ்பி ஓடும், வாங்க வர்றவருக்கு அப்படியே ஓட்டிக் காட்டலாம்.

வீட்டா: 2011-ல வந்த முதல் மாடலுக்கு ஓலெட் திரை, பின்னாடி வந்த 2000-க்கு எல்சிடி. சோனி இதுக்குன்னே தனியா செஞ்ச மெமரி கார்டு இருந்தா, அதோட அளவையும் குறிப்பிடுங்க. அதுக்கே தனி மதிப்பு உண்டு.

சொல்லாம வித்துடலாமா?

நம்ம தம்பியோட ஸ்விட்ச்ல ஒரு குறை இருந்தது. இடது ஜாய்-கான்ல ட்ரிஃப்ட். அதாவது குச்சியைத் தொடாமலே கேம்ல ஆள் தானா நகர்வார். "எப்பவாவதுதான் அண்ணா வருது. அஞ்சு நிமிஷம் பாக்குறவங்களுக்குத் தெரியாது. சொல்லாம வித்துடலாமா?"னு கேட்டார்.

நியாயத்தை விடுங்க, முதல்ல கணக்கைப் பார்க்கலாம்னு சொன்னேன். மூணு வழி இருக்கு. மறைச்சா, வாங்குறவர் வீட்டுக்குப் போய்க் கண்டுபிடிப்பார், உங்க நம்பர் அவர்கிட்ட இருக்கு. பணத்தைத் திருப்பிக் கேப்பார், அதுக்குள்ள அந்தப் பணம் காலேஜ் அக்கவுண்டுக்குப் போயிருக்கும். ரிப்பேர் பண்ணாம சொல்லி வித்தா, ட்ரிஃப்ட்டுன்னதும் பயந்து 2,000 ரூபாயாவது குறைச்சுக் கேப்பாங்க. மூணாவது, சரி பண்ணிட்டு, சரி பண்ணதையும் சொல்லிட்டு விக்கிறது.

ட்ரிஃப்ட்டுக்கு முழு ஜாய்-கானும் மாத்த வேண்டியதில்ல, உள்ள இருக்கிற குச்சி மாட்யூல் மட்டும் தனியா கிடைக்கும். தம்பி ரிச்சி ஸ்ட்ரீட்ல ஒரு சர்வீஸ்காரர்கிட்ட 600 ரூபாய்க்கு மாத்தினார். விளம்பரத்துலயும், "இடது குச்சி புதுசா மாத்தினது"ன்னு எழுதினார். பழைய ஸ்விட்ச் வாங்குறவங்க எல்லாருக்கும் இருக்கிற முதல் பயமே ட்ரிஃப்ட்தான். அதனால குறையா இருந்த விஷயமே, வாங்குறவர் தேடுற விஷயமா மாறிடுச்சு. நியாயமும் கணக்கும் இந்த இடத்துல ஒத்துப்போனதுல எனக்குத் தனிப்பட்ட சந்தோஷம்.

டெஸ்ட் ரிப்போர்ட் தயார் பண்றது

ஒரு மணி நேரம் ஒதுக்குங்க. ஜன்னல் பக்கம் பகல் வெளிச்சத்துல, ஃபில்டர் இல்லாம படம் எடுங்க. திரை ஆன்ல இருக்கும்போது ஒண்ணு, ஆஃப்ல ஒண்ணு. கீறல் ஆஃப்லதான் தெரியும், அதை நீங்களே காட்டிட்டா வாங்குறவர் தேட மாட்டார். வெள்ளைத் திரையில ஒரு படம் எடுத்தா செத்த பிக்சல் இல்லைன்னு நிரூபிக்கலாம். மாடல் நம்பர் ஸ்டிக்கரைப் படம் எடுங்க, சீரியல் நம்பரோட கடைசி எண்களை மட்டும் மறைச்சுடுங்க.

அப்புறம் வெட்டாத ஒரு வீடியோ, ரெண்டு நிமிஷம் போதும். ஸ்விட்ச்னா சிஸ்டம் செட்டிங்ஸ்ல கன்ட்ரோலர்ஸ் அண்ட் சென்சார்ஸ் போய், குச்சியை காலிபரேட் பண்ற திரையைத் திறங்க. கையை எடுத்ததும் புள்ளி நடுவுல வந்து நிக்கணும். அதைக் காட்டுங்க. அப்புறம் கேசட் போட்டு ஓட்டுறது, டாக்ல செருகி டிவியில படம் வர்றது, வைஃபையில சேர்ந்து ஆன்லைன் கடை திறக்கிறது. கடைசியா சொன்னது முக்கியம். திருட்டு கேம் போட்டு நிண்டெண்டோ தடை பண்ணின மெஷின்கள் சந்தையில சுத்துது, வாங்குறவங்களுக்கு அந்தப் பயமும் உண்டு.

சார்ஜரையும் படம் எடுங்க. ஸ்விட்சோட ஒரிஜினல் சார்ஜர்ல 15 வோல்ட், 2.6 ஆம்ப்னு போட்டிருக்கும். ஏதோ ஒரு போன் சார்ஜரைக் கொடுத்தா டாக் வேலை செய்யாமப் போகலாம், அதனால ஒரிஜினல் இருக்குன்னா அதுவே ஒரு பாயிண்ட். அட்டைப்பெட்டி, பில் இருந்தா தேடி எடுங்க. பில் தொலைஞ்சிருந்தா வாங்கினப்போ பணம் கட்டின மெசேஜோ இமெயிலோ போதும். இது திருட்டுப் பொருள் இல்லைன்னு காட்ட ஏதாவது ஒண்ணு வேணும்.

சுத்தம் பண்றதுக்கு ஐசோப்ரொபைல் ஆல்கஹால், காது குடையிற பஞ்சுக் குச்சி. கேசட்டோட தங்க நிறப் பட்டையில லேசா தேய்ச்சுக் காய விடுங்க. வாயால ஊதுற பழக்கத்தை விடுங்க. எச்சில் ஈரம் பட்டா உலோகம் அரிக்கும். ஸ்விட்ச் கேசட்டை வாய் பக்கம் கொண்டுபோனா இன்னொரு பிரச்சினை, குழந்தைங்க முழுங்கக் கூடாதுன்னு அதுல கடுங்கசப்பு மருந்து பூசியிருக்காங்க. சந்தேகம் இருந்தா நக்கிப் பாருங்க, என்னைத் திட்டாதீங்க.

கேமைத் தனியா விக்கணும்

கடையில 'எல்லாம் சேர்த்து' விலை சொல்லும்போது கேம்களுக்குக் கிட்டத்தட்ட எதுவும் வர்றதில்ல. தம்பி விஷயத்துல கன்சோலுக்கு 10,500, மூணு கேமுக்கும் சேர்த்து 1,500. ஆனா புது மெஷின் வந்தா பழைய கன்சோல் விலைதான் சரியும், கேசட் விலை அந்த அளவுக்குச் சரியாது. ஏன்னா ஸ்விட்ச் கேம்கள்ல பெரும்பாலானவை ஸ்விட்ச் 2-லயும் ஓடும். புதுசு வாங்கினவங்களும் பழைய கேசட்டைத் தேடுவாங்க. அதுலயும் மரியோ கார்ட், செல்டா மாதிரி நிண்டெண்டோவோட சொந்த கேம்களுக்குப் பெரிய தள்ளுபடி அபூர்வம். புதுசு விலை இறங்காததால பழசும் இறங்காது.

டிஜிட்டலா வாங்கின கேம்களுக்கு மதிப்பு பூஜ்யம். அது உங்க அக்கவுண்டோட கட்டுப்பட்டது, அக்கவுண்டை விக்கிறது விதிமீறல். "முப்பது கேம் உள்ள இருக்கு"ன்னு விளம்பரம் போடாதீங்க. ஹேக் பண்ணி ஏத்தின கேம்னா அது இன்னும் மோசம், சட்டப்படி சிக்கல்.

பழைய போகிமான் கேசட் வெச்சிருக்கிறவங்க கவனிங்க. கேம்பாய் அட்வான்ஸ் காலத்து போகிமான்ல போலிகள் எக்கச்சக்கம். ஒரிஜினலா இருந்தா, கேசட்டோட அடிப்பக்கம் தங்கப் பட்டைக்கு மேல போர்டுல நிண்டெண்டோ பேர் அச்சடிச்சிருக்கும், முன்பக்க லேபிள்ல சாய்ச்சுப் பார்த்தா அழுத்தின மாதிரி ஒரு எண் தெரியும். ரெண்டையும் கிட்டப் போய்ப் படம் எடுங்க. ரூபி, சஃபையர், எமரால்டு ஓட்டும்போது 'உள் பேட்டரி தீர்ந்துடுச்சு'ன்னு செய்தி வந்தா பயப்படாதீங்க. கடிகாரம் சம்பந்தப்பட்ட விஷயங்கள் மட்டும்தான் நிக்கும், கேமும் சேவும் ஓடும். அதையும் விளம்பரத்துல எழுதிடுங்க.

அழிக்கிறதுக்கு முன்னாடி

ஸ்விட்ச்ல சேவ் எல்லாம் மெஷினுக்குள்ள இருக்கும், கேசட்டுல இல்ல. மெஷினை வித்துட்டு கேசட்டை வெச்சுக்கிட்டா உங்க 200 மணி நேரம் போச்சு. ஆன்லைன் சந்தா இருந்தா கிளவுட்ல ஏத்தலாம், ஆனா போகிமான் ஸ்கார்லெட், வயலெட் மாதிரி சிலதுக்கு அந்த வசதி கிடையாது. இன்னொரு ஸ்விட்ச் இருந்தா நேரா அதுக்கு மாத்திடலாம்.

வேண்டியதை எடுத்ததும், அக்கவுண்டுல இருந்து இந்த மெஷினை நீக்குங்க. அப்புறம் சிஸ்டம் செட்டிங்ஸ்ல ஃபார்மேட்டிங் பகுதிக்குப் போய் முழுசா இனிஷியலைஸ் பண்ணுங்க. அதுக்கு முன்னாடி டெஸ்ட் வீடியோ எடுத்து முடிச்சிருக்கணும், இந்த வரிசை முக்கியம். மெமரி கார்டை மட்டும் கூட விக்காதீங்க. கார்டுல அழிச்ச படங்களைத் திரும்ப எடுக்கிற சாப்ட்வேர் இலவசமாவே கிடைக்குது. பிஎஸ்பியில காலேஜ் காலத்துப் படம் போட்டு வெச்சிருந்தவங்களுக்கு இது இன்னும் பொருந்தும்.

"லாஸ்ட் பிரைஸ் என்ன ப்ரோ?"

விளம்பரம் போட்ட பத்தாவது நிமிஷம் இந்த மெசேஜ் வரும். பொருளையே பார்க்காதவர்கிட்ட கடைசி விலையைச் சொன்னா, நேர்ல வந்ததும் பேரம் அங்கிருந்து ஆரம்பிக்கும். "நேர்ல வந்து ஓட்டிப் பாருங்க, பிடிச்சா பேசலாம்"னு சொல்லுங்க. இதுக்குக் கீழ கொடுக்க மாட்டேன்கிற விலையை முன்னாடியே ஒரு பேப்பர்ல எழுதிடுங்க. கேக்குற விலை அதைவிட எட்டு, பத்து சதவீதம் மேல இருந்தா போதும். மாச முதல் வாரத்துல விளம்பரம் போடுங்க, சம்பளம் வந்திருக்கும்.

தம்பியோட விளம்பரம் இப்படி இருந்தது: "ஸ்விட்ச் ஓலெட், வெள்ளை. இடது குச்சி போன வாரம் மாத்தியது. பின்பக்கம் ரெண்டு மெல்லிய கீறல், மூணாவது படத்துல பார்க்கலாம். டாக், ஒரிஜினல் சார்ஜர், பெட்டி உண்டு. ஹேக் செய்யாதது. மெட்ரோ ஸ்டேஷன் பக்கம் நேர்ல ஓட்டிப் பார்த்து வாங்கலாம். 15,500." கேம்களுக்குத் தனித்தனி விளம்பரம்.

ஒன்பது நாள் ஆச்சு. ஏழாவது படிக்கிற பொண்ணுக்காக ஒரு அப்பா வந்து, காபி ஷாப்ல அரை மணி நேரம் ஓட்டிப் பார்த்து 14,500-க்கு வாங்கினார். மூணு கேம் வேற வேற ஆளுக்கு 2,600, 2,400, 1,500. மொத்தம் 21,000, ரிப்பேர் செலவு போக 20,400. கடை சொன்னது 12,000. கூடக் கிடைச்ச 8,400 ரூபாய்க்கு அவர் கொடுத்தது ஒன்பது நாளும், நாலு அலைச்சலும், அறுபது 'லாஸ்ட் பிரைஸ்' மெசேஜும். ஃபீஸ் கட்டியாச்சு. நாளைக்கே பணம் வேணும்ங்கிற நிலைமையில இருக்கிறவங்களுக்குக் கடைதான் சரி, அதுல தப்பே இல்ல. என்ன விலை கொடுத்து அவசரத்தை வாங்குறோம்னு தெரிஞ்சு போகணும், அவ்வளவுதான்.

பணம் வாங்கும்போது

கடைசியா, ஆனா இதை ஸ்கிப் பண்ணாதீங்க. "நான் ராணுவத்துல இருக்கேன், நேர்ல வர முடியாது, க்யூஆர் அனுப்புறேன், ஸ்கேன் பண்ணா பணம் வந்துடும்"னு ஒருத்தர் பேசுவார். பேரமே பேச மாட்டார், அதுவே முதல் அறிகுறி. பணம் வாங்குறதுக்கு க்யூஆர் ஸ்கேன் பண்ணவோ யூபிஐ பின் போடவோ தேவையே இல்ல. பின் போட்டா உங்க பணம் வெளிய போகுதுன்னு அர்த்தம்.

நேர்ல வர்றவர்கிட்டயும் ஒரு பழக்கம் வெச்சுக்குங்க. அவர் போன்ல தெரியிற பச்சை டிக், உங்களுக்கு வர்ற எஸ்எம்எஸ், ஸ்க்ரீன்ஷாட் எதையும் நம்பாதீங்க. எல்லாத்துக்கும் போலி இருக்கு. உங்க பேங்க் ஆப்பைத் திறந்து பேலன்ஸ் ஏறினதைப் பார்த்துட்டு பொருளைக் கையில கொடுங்க. வீட்டுக்கு வரச் சொல்லாதீங்க. ஆள் நடமாட்டம் உள்ள, ப்ளக் பாயிண்ட் இருக்கிற இடத்துல பாருங்க. ஏமாந்துட்டா உடனே 1930-க்குப் போன் பண்ணுங்க, சைபர் குற்றத்துக்கான தேசிய உதவி எண் அது. எவ்வளவு சீக்கிரம் சொல்றீங்களோ, பணத்தை நடுவுல நிறுத்துறதுக்கு அவ்வளவு வாய்ப்பு.

விக்கிற முடிவுக்கு இன்னும் வராதவங்களுக்கு ஒரு விஷயம். பேட்டரியை முழுசா தீர விட்டு அலமாரியில போட்டா அது வீணாகிடும். பாதி அளவு சார்ஜ்ல வெச்சு, மூணு மாசத்துக்கு ஒருக்கா எடுத்துப் போடுங்க. விலையும் காப்பாத்தப்படும், நடுவுல ஒரு லெவலும் ஆடின மாதிரி இருக்கும்.

அடுத்த எபிசோட்ல பழைய லேப்டாப்பை வாங்கும்போது என்னென்ன பார்க்கணும்னு பேசலாம். இந்தத் தடவை விக்கிறவன் பக்கம் உட்கார்ந்து பேசினோம், அடுத்த தடவை வாங்குறவன் பக்கம். உங்க கேள்விகளை வாய்ஸ் நோட்டா அனுப்புங்க.